அக்காவை மட்டும் படம் எடுக்காத மாமாவுக்கு

என்னை மூன்று முறை கையிழக்க வைத்து, இரண்டு முறை சாகடித்து, ஒரு முறை பேயாகவும் அலையவிட்ட என் அன்புச் சவரி மாமா,

நலமா என்று கேட்டுத் தொடங்குவதுதான் மரியாதை. ஆனால் உங்களிடம் அதைக் கேட்டு என்றைக்கு நேரான பதில் வந்திருக்கிறது? "நான் நல்லாத்தான் இருக்கறன், வெளிச்சம்தான் சரியில்ல" என்பீர்கள். போன வருஷம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஆட்டோவில் சாய்ந்திருந்தபோதுகூட, "லூர்து, இந்த வெளிச்சம் நல்லா இருக்குது பாரு" என்றுதான் அக்காவிடம் சொன்னீர்களாம். அதற்குப் பிறகு ஒன்றும் பேசவில்லையாம். பின்னால் பைக்கில் வந்த என்னிடம் ஆஸ்பத்திரி வாசலில் அக்கா இதைச் சொன்னபோது எனக்கு அழுகை வந்தது, சிரிப்பும் வந்தது. எது முதலில் வந்தது என்று இன்னும் தெரியவில்லை.

இங்கே செய்தி என்ன? மத்திகிரியில் நம் தெருவுக்குப் புது ரோடு போட்டார்கள். மறு மாதமே குழாய் பதிக்கத் தோண்டிவிட்டார்கள். உங்கள் ஸ்டூடியோ இருந்த கடையில் இப்போது செல்போன் கவர் விற்கிறார்கள். 'திருமணம், காதுகுத்து, குறும்படம், முழுநீளப் படம்' என்ற உங்கள் போர்டை மட்டும் கடைக்காரர் கழற்றவில்லை. அதைப் பார்த்துவிட்டு, முழுநீளப் படம் எடுக்கணும் என்று வாரம் ஒருவராவது உள்ளே வருகிறார்களாம். காதுகுத்துக்குத்தான் ஒருவரும் வருவதில்லையாம்.

நான் அதே கம்பெனி, அதே குவாலிட்டி செக்‌ஷன். ஒரு நாளைக்கு ஆயிரம் போல்ட்டைக் கையில் எடுத்துக் குறை கண்டுபிடிக்கிறவன், உங்கள் படத்திலும் குறை சொல்லாமல் இருப்பேனா? "நீ போல்ட்டுக்குப் பொறந்தவன்டா" என்று திட்டுவீர்கள். திட்டிவிட்டு அடுத்த படத்துக்கும் என்னையே கூப்பிடுவீர்கள்.

அடுத்த ஞாயிறு உங்கள் முதலாம் ஆண்டு நினைவுத் திருப்பலி. அது முடிந்ததும் கோயில் மண்டபத்தில் உங்கள் படங்களைத் திரையிடுகிறார்கள். ஓசூர் சினிமா வட்டம் என்று ஐந்தாறு பிள்ளைகள் சேர்ந்து நடத்துகிறார்கள். நோட்டீஸில் உங்களை 'எல்லைப்புறச் சுயாதீன சினிமாவின் முன்னோடி' என்று போட்டிருக்கிறது. அக்கா அதை இரண்டு தரம் படித்துவிட்டு, "யாருடா இந்த ஆளு?" என்று கேட்டாள்.

அந்தப் பிள்ளைகள் போட இருக்கும் மலரில் இந்தக் கடிதமும் வருகிறது. அதனால் உங்களைத் தெரியாதவர்களுக்காக, உங்களுக்குத் தெரிந்ததையே உங்களுக்குச் சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

படங்களுக்கு நடுவில் போட, உங்கள் வேலையைப் பற்றிப் பத்து நிமிஷத் தொகுப்பு ஒன்றைச் செய்து தரும்படி என்னைக் கேட்டார்கள். சரி என்றேன். அன்றைக்குச் சாயங்காலம் அக்கா தையல் மெஷினை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

"ஏன்டா அமலு, இருபத்திரண்டு வருஷமா ஊர்ல இருக்கற மாடு கன்னு எல்லாத்தையும் எடுத்தாரு. அவரு எடுத்ததுல நான் எங்கயாச்சும் இருக்கறனா?"

"இல்லாமயா இருப்ப?"

"இருந்தா எடுத்து வை. வந்து பாக்கறன். இல்லன்னா நீங்களே பாத்துக்குங்க, நான் வீட்டுல இருக்கறன்."

கோபமாகச் சொல்லியிருந்தால் சமாளித்திருப்பேன். பட்டன் வைக்க நூல் கோத்துக்கொண்டே மெதுவாகச் சொன்னாள், மாமா. போட்டோ இருக்கிறது, செல்போனில் யார் யாரோ எடுத்தது இருக்கிறது. உங்கள் கல்யாண வீடியோகூட இருக்கிறது, ஆனால் அது வேறு ஆள் எடுத்தது. ஃபிரேம் சரியில்லை என்று பத்து வருஷம் அவரைத் திட்டினீர்கள். அக்கா கேட்டது அதையெல்லாம் இல்லை. நீங்கள் எடுத்ததில் இருக்கிறாளா என்றுதான் கேட்டாள்.

ஏ ஷிப்ட் முடிந்து இரண்டு மணிக்கு வெளியே வந்து, மூன்று மணிக்கு உங்கள் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்துவிடுவேன். முதலில் பாதுகாப்புப் படங்கள். கம்பெனிகளுக்காக நீங்கள் எடுத்துக் கொடுத்த மூன்றிலும் கையுறை போடாமல் மெஷினில் கைவிட்டு அலறுகிறவன் நான்தான். அதில் ஒன்றை வேறொரு கம்பெனியில் போட்டுக் காட்ட, அங்கிருந்த ஒருவர் என்னை பஸ் ஸ்டாப்பில் பார்த்து வலது கையைப் பிடித்துத் திருப்பித் திருப்பிச் சோதித்தார். "நல்லா வெச்சு தச்சுட்டாங்க சார், தையலே தெரியல" என்றார். அந்தப் படங்களில் மெஷின் இருக்கிறது, நான் இருக்கிறேன், அரை லிட்டர் சிவப்புச் சாயம் இருக்கிறது. அக்கா இல்லை.

பிறகு தவக்காலத்துக்குப் பங்குச்சாமியார் கேட்டு எடுத்த சிலுவைப்பாதை. அதில் இயேசு சிலுவையைச் சுமந்து பாகலூர் ரோட்டில் நடக்கிறார். கூட்டத்தைப் பார்த்து டவுன் பஸ் நிற்கிறது. கண்டக்டர் எட்டிப் பார்த்து, "மத்திகிரியா? ஏறுங்க, கட்டைய பின்னாடி வெச்சுக்கலாம்" என்கிறார். அதை வெட்டியிருக்கலாம். "உதவின்னு வந்தவன எப்பிடிடா வெட்டறது?" என்றீர்கள். பங்குச்சாமியாரும் ஒத்துக்கொண்டார். அதிலும் அக்கா இல்லை.

பேய்ப் படத்தை மாட்டுப் பண்ணை வேலிக்கு வெளியே நின்று எடுத்தோம். உள்ளே விட மாட்டார்கள் என்று நீங்களே முடிவு செய்து, அனுமதி கேட்கவே இல்லை. வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு நான் நடக்க, வேலிக்கு அந்தப்பக்கம் ஒரு பசு அசை போட்டபடி என்னையே பார்க்கிறது. அந்தப் பசுவுக்கு மூன்று குளோஸப் வைத்திருக்கிறீர்கள், மாமா. மூன்று! நான் உடுத்தியிருந்த சேலை அக்காவுடையது. அவ்வளவுதான் அவள் பங்கு.

இதை அக்காவிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தினம் சாயங்காலம் டீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் போவாள். கேட்காமல் போவதுதான் பெரிய தொல்லை.

கடைசியாக, பெரிய படத்தைப் போட்டேன். 'ஏ ஷிப்டும் பி ஷிப்டும்'. நம்முடைய காதல் படம். அதில் நான் கதாநாயகன், பாகலூர் நாகவேணி கதாநாயகி. உங்கள் நடிகர்கள் அத்தனை பேரும் கம்பெனி ஆட்கள். நான் ஏ ஷிப்ட் போனால் நாகவேணி அவள் கம்பெனியில் பி ஷிப்ட். நான் பி-க்கு மாறும் வாரம் அவள் ஏ-க்கு வந்துவிடுவாள். இரண்டு பேருக்கும் ஒன்றாக லீவு வருவது ஆயுத பூஜைக்குத்தான், அன்றைக்கு உங்களுக்குப் பூஜை வீடியோ ஆர்டர். ஆகவே என்னைச் சாயங்காலம் எடுத்தீர்கள், அவளைக் காலையில் எடுத்தீர்கள். இரண்டு மணி நேரக் காதல் படத்தில் காதலனும் காதலியும் ஒரு தடவைகூட ஒரே சட்டத்துக்குள் நிற்கவில்லை. நான் கேட்ட கேள்விக்கு அவள் மறுநாள் காலையில் பதில் சொன்னாள்.

அதிலும் மூன்று மொழி. எல்லா ஷாட்டையும் தமிழில் ஒரு தடவை, கன்னடத்தில் ஒரு தடவை, தெலுங்கில் ஒரு தடவை. எடிட்டிங்கில் எல்லாம் ஒன்றோடொன்று கலந்துவிட்டது. நான் "என்னப் புடிக்குமா?" என்று கேட்கிறேன், அவள் "இஷ்டமே கதா", பிடிக்கும்தானே என்று தெலுங்கில் சொல்கிறாள், நான் "சரி மத்தே" என்று கன்னடத்தில் தலையாட்டுகிறேன். நம் ஊரில் படம் பார்த்த ஒருவருக்கும் அது தப்பாகத் தெரியவில்லை. நம் வீடுகளில் எல்லோரும் அப்படித்தானே பேசுகிறோம்?

பெங்களூரில் ஒரு விழாவுக்கு அந்தப் படம் போனதே, நினைவிருக்கிறதா? கண்ணாடி போட்ட ஒரு பெரியவர் எழுந்து, "தொழிற்சாலை வாழ்வு மனிதர்களைப் பிரிக்கும் கொடுமையை, இருவரையும் சேர்த்துக் காட்டாமலே காட்டிவிட்டீர்கள்" என்றார். நீங்கள் முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டு, "அதேதான் சார்" என்றீர்கள். திரும்பி வரும் பஸ்ஸில் அத்திப்பள்ளி வரைக்கும் நீங்கள் சிரித்த சிரிப்பில், முன் சீட்டு அம்மா இடம் மாறி உட்கார்ந்தார்.

போன வாரம் நாகவேணி வீட்டுக்கு வந்தாள். நம்புங்கள், அன்றைக்குத்தான் நாங்கள் முதல் முறையாக நேரில் பார்த்துக்கொண்டோம். இப்போது அவள் லைன் லீடர், இரண்டு பிள்ளைகளுக்கு அம்மா. என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"நீங்கதான் அமல்ராஜா? இன்னும் நல்ல உசரம்னு நெனச்சிகினு இருந்தேன்."

"ஏங்க, படத்துல என்னப் பாக்கலியா நீங்க?"

"படத்துல எங்க பாத்தேன்? எடுக்கறப்ப அக்காவத்தான பாத்தேன். ஸ்டூல் மேல நின்னுகினு லைன் குடுத்தாங்க."

அக்கா சிரித்துவிட்டாள். உண்மைதான். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, நோட்டைப் பார்த்து மூன்று மொழியிலும் எதிர்வசனம் சொல்வது அக்காவின் வேலை. நடிக்கிறவர்கள் பார்க்க வேண்டிய இடத்தில் அவள்தான் நிற்பாள். நாகவேணிக்கு எதிரே ஸ்டூலில் ஏறி நின்றாள், எனக்கு எதிரே மோடாவில் உட்கார்ந்தாள். "காதலோட பாருடா" என்று நீங்கள் கத்துவீர்கள். எப்படிப் பார்ப்பது? எதிரே இருப்பது என் கூடப் பிறந்தவள், அதுவும் கேஸ் புக் பண்ண மறந்ததற்காகக் காலையிலிருந்து என்னை முறைத்துக்கொண்டிருப்பவள். 'காதலின் உள்ளே ஒளிந்திருக்கும் அச்சத்தைக் கதாநாயகன் அபாரமாக வெளிப்படுத்துகிறார்' என்று ஒரு பத்திரிகையில் எழுதினார்கள்.

நாகவேணி போனதும் எனக்கு ஒரு யோசனை. அக்காவிடம் ஓடினேன்.

"அக்கா, நீ எந்த ஷாட்லயும் இல்ல, நெசந்தான். ஆனா எல்லாப் படத்துலயும் எல்லாரும் உன்னத்தான் பாக்கறாங்க. யோசிச்சுப் பாரு!"

என் மூளையை நினைத்து எனக்கே பெருமையாக இருந்தது. அக்கா துணி மடிப்பதை நிறுத்தவில்லை.

"எல்லாரும் பாத்தாங்கடா. அவரு பாத்தாரா? அவருக்கு எந்நேரமும் ஒரு கண்ணு மூடியிருக்கும், இன்னொரு கண்ணு கேமராவுல இருக்கும். ஒரு தடவ, 'என்னைய ஒரு ஷாட் எடுங்க'ன்னு கேட்டன். 'உன்னைய எடுத்தா லைன் யாரு குடுப்பா?'ன்னாரு. அதுக்கப்புறமேட்டிக்கு நான் கேக்கல."

உங்கள் மேல் அப்படி ஒரு கோபம் வந்தது, மாமா. இறந்தவர்கள் மேல் கோபப்படக் கூடாது என்பார்கள். நானே உங்கள் கையால் இரண்டு முறை செத்தவன், எனக்கென்ன?

முடித்த படங்கள் தீர்ந்துவிட்டன. மிச்சம் இருந்தது, வெட்டாத மூலப் பதிவுகள்தான். பழைய டேப்புகள், பிஸ்கட் டின் நிறைய மெமரி கார்டுகள். ஒன்றைப் போட்டேன். நான் செத்துக் கிடக்கிறேன். "கட்" என்கிறீர்கள். ஆனால் படம் நிற்கவில்லை. கேமராவை இடுப்போடு தொங்கவிட்டுக்கொண்டு, நிறுத்த மறந்து, நீங்கள் பாட்டுக்கு நடக்கிறீர்கள். உலகம் சரிகிறது. தரை தெரிகிறது, உங்கள் ரப்பர் செருப்பு தெரிகிறது. செருப்பு திரும்பி, நாலு எட்டு நடந்து, இரண்டு பாதங்களுக்கு முன்னால் போய் நிற்கிறது. ஓரம் மடித்துத் தைத்த சேலை, மெட்டி, மெஷின் மிதித்து மிதித்துத் தடித்துப்போன வலது பாதம்.

"எப்பிடி லூர்து?"

"பரவால்ல."

அதற்குப் பிறகுதான் படம் நிற்கிறது.

குறை கண்டுபிடிக்கிறவன் புத்தி, இது டிஃபெக்ட் என்று தள்ளிவிட்டு அடுத்ததைப் போட்டேன். அதிலும் அதே. கட், தரை, செருப்பு, நாலு எட்டு, "எப்பிடி லூர்து?" அடுத்ததிலும் அதே. ஆறாவதோ ஏழாவதோ ஓடும்போதுதான் எனக்கு உறைத்தது. எழுந்து போய் முகம் கழுவிவிட்டு வந்து, முதலிலிருந்து போட்டேன்.

ஒவ்வொரு ஷாட்டுக்கும் பிறகு நீங்கள் அவளிடம் போயிருக்கிறீர்கள். "பரவால்ல" வந்தால்தான் அடுத்த ஷாட். "செத்தவன் மூஞ்சியா இது? பந்திக்குக் காத்துகினு இருக்கறவன் மாதிரி இருக்கறான், இன்னொண்ணு எடுங்க" என்று வந்தால், செருப்பு மறுபேச்சில்லாமல் திரும்பி நடக்கிறது. இருபத்திரண்டு வருஷம் நான் நீங்கள்தான் டைரக்டர் என்று நம்பிக்கொண்டிருந்தேன். சிலுவைப்பாதையில் அக்கா வெறுங்காலோடு நிற்கிறாள். காதல் படத்தில் அவள் பாதம் ஸ்டூலின் மேல் இருக்கிறது. உங்கள் மகள் ஜெனி வயிற்றில் இருந்த மாதங்களில் கால் வீங்கி, செருப்பு வார் அவிழ்ந்து கிடக்கிறது. அந்த மாதங்களில் மட்டும், நீங்கள் கேள்வி கேட்பதற்கு முன்னால் ஒரு நாற்காலியின் கால்கள் வந்து அங்கே நிற்கின்றன.

ஒன்று கேட்கிறேன், மாமா. ஃபேனை அணைக்காமல் போனதற்காக என்னைத் தெரு முழுக்கக் கேட்கும்படி திட்டியவர் நீங்கள். டேப் வீணாகிறது என்று என் சாவையே பாதியில் வெட்டியவர். அப்படிப்பட்டவர் ஒரு பட்டனை அழுத்த இருபத்திரண்டு வருஷமா மறந்தீர்கள்? எடிட்டிங்கில் உட்கார்ந்து இதையெல்லாம் வெட்டும்போது பார்த்திருப்பீர்களே. பார்த்தும் மறந்தீர்களா?

அக்காவைக் கூப்பிட்டு உட்கார வைத்துப் போட்டேன்.

"என்னடா, தரையக் காட்டற?"

"பாருக்கா."

பார்த்தாள். "ஐயே, பாவாடை வெளிய தெரியுது. இதையா மண்டபத்துல போடப் போற?" என்றாள். பிறகு, "அந்தச் செருப்பு பஸ் ஸ்டாண்டுல அறுந்துபோச்சு" என்றாள். அதற்குப் பிறகு, ஒன்று முடிந்ததும் விரலால் அடுத்தது என்று காட்டுவாள். அடுப்பில் பால் பொங்கி வழிந்த வாசனை வந்தது. இரண்டு பேரும் எழுந்திருக்கவில்லை.

கடைசிக் கார்டு, உங்களை ஆட்டோவில் ஏற்றிய அன்றைக்கு எடுத்தது, நீங்கள் முடிக்காமல் விட்டுப்போன துப்பறியும் படம். ஓசூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் நான் பூதக்கண்ணாடியோடு குனிந்து தடயம் தேடுகிறேன். கட். செருப்பு திரும்புகிறது. இந்தத் தடவை அந்த நாலு எட்டுக்கு ரொம்ப நேரம் ஆகிறது. நடுவில் ஒரு தடவை நிற்கிறது.

"எப்பிடி லூர்து?"

"அது கெடக்குது. ஏன் இப்பிடி வேர்க்குது உங்களுக்கு? குடுங்க அத, உக்காருங்க மொதல்ல."

அக்காவின் கை வந்து கேமராவை உங்களிடமிருந்து வாங்குகிறது. வாங்கும்போது லென்ஸ் மேலே திரும்புகிறது. அங்கே நீங்கள். முகமெல்லாம் வேர்வை. இரண்டு கண்ணும் திறந்திருக்கின்றன. கேமராவைப் பார்க்கவில்லை, அதற்குக் கொஞ்சம் மேலே பார்க்கிறீர்கள். கேமராவைக் கையில் வைத்திருப்பவளைப் பார்க்கிறீர்கள். இரண்டு மூன்று விநாடிதான். பிறகு அக்கா பட்டனை அழுத்திவிடுகிறாள். அத்தனை கார்டிலும் ஒழுங்காக நிறுத்திய ஒரே ஷாட் அதுதான்.

அக்கா அழுதாள். நானும் அழுதேன். படத்தில் எனக்கு எப்போதும் கிளிசரின் வேண்டும், அன்றைக்கு வேண்டியிருக்கவில்லை. பிறகு அக்கா முந்தானையில் மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்:

"ஞாயித்துக்கெழம வர்றன். காலு எல்லாத்தையும் போட்டுக்க. இத மட்டும் போடாத. இது எனக்கு."

ஆகவே மாமா, அந்தக் கடைசி ஷாட்டை ஒருவருக்கும் காட்டப்போவதில்லை. இதில் எழுதிவிட்டேன், அவ்வளவுதான். எழுதலாமா என்று கேட்டுத்தான் எழுதினேன். மற்றவற்றை ஒட்டித் தொகுப்பு தயாராகிவிட்டது. அதில் உங்கள் முகமும் இல்லை, அக்கா முகமும் இல்லை, நாலு பாதமும் இரண்டு குரலும்தான். இயக்கம் என்ற இடத்தில் சவரி, லூர்து என்று இரண்டு பெயரையும் போட்டிருக்கிறேன். சினிமா வட்டத்துப் பிள்ளைகள் பார்த்துவிட்டு, இதற்கு என்ன அர்த்தம் என்று தங்களுக்குள் பேசிக்கொண்டிருக்கிறார்கள். பேசட்டும்.

ஞாயிற்றுக்கிழமை அக்காவுக்கு முன்வரிசையில் நாற்காலி. படம் முடிந்து விளக்குப் போட்டதும், நான் மேடைக்குப் போக மாட்டேன், மைக்கைப் பிடிக்க மாட்டேன். நேராக நாலு எட்டு நடந்து அவள் முன்னால் போய் நின்று, "எப்பிடிக்கா?" என்று கேட்பேன். இனி ஒவ்வொரு திரையிடலிலும் கேட்பேன். இது சத்தியம், மாமா. அவள் "பரவால்ல" என்று சொல்லும்வரை ஒருத்தரையும் மண்டபத்தை விட்டு வெளியே விட மாட்டேன்.

கை கால் எல்லாம் முழுசாக இருக்கும்
உங்கள் லூர்துவின் தம்பி, உங்கள் மச்சினன்
அமல்ராஜ்
மத்திகிரி